ததேயுஷ் வொம்னிட்ஸ்கி: போலந்து மேடையின் பெரிய நடிகரை எங்கிருந்து பார்க்கத் தொடங்குவது?

கேள்வி இதுதான்: வாய்தா, கீஸ்லோவ்ஸ்கி, ஸனூஸி என்று போலந்து இயக்குநர்களின் படங்களைப் பார்த்துக்கொண்டு வரும்போது, அதிக உயரமில்லாத ஒரு நடிகர் அடிக்கடி வந்து போகிறார். பெயர் ததேயுஷ் வொம்னிட்ஸ்கி. போலந்துக்காரர்களைக் கேட்டால் இருபதாம் நூற்றாண்டில் தங்கள் நாடு கண்ட மிகப் பெரிய நடிகர் இவர்தான் என்று அடித்துச் சொல்கிறார்கள். ஆனால் படங்களில் அவருக்குக் கிடைத்த வேடங்களை வைத்துப் பார்த்தால் அந்த அளவுக்குத் தெரியவில்லையே, ஏன்? அவரை எங்கிருந்து பார்க்கத் தொடங்கலாம்?

நியாயமான சந்தேகம். வொம்னிட்ஸ்கி அடிப்படையில் மேடை நடிகர். அவருடைய ஆகப் பெரிய வேடங்கள் வார்சாவில் சில நூறு பேர் உட்காரும் அரங்குகளில் நடந்து, அந்த ராத்திரிகளோடு முடிந்துபோயின. சினிமா அவரைப் பயன்படுத்தியது; ஆனால் முழுசாகப் பயன்படுத்தவில்லை. ஒரே ஒரு விதிவிலக்கு உண்டு, அதற்குப் பிறகு வருகிறேன். இன்னொரு விஷயம், அவருடைய நடிப்பையும் அவர் வாழ்ந்த அரசியலையும் தனித்தனியாகப் பிரித்துப் பார்க்க முடியாது. அதிகாரத்தை நடித்துக் காட்டுவதில் அவருக்கு இணை கிடையாது. அதே மனிதர் நிஜ வாழ்க்கையில் அதிகாரத்தின் பக்கத்தில் முப்பது வருஷம் உட்கார்ந்திருந்தார். இந்த இரண்டும் தெரிந்தால்தான் படங்களில் அவர் செய்வது என்ன என்று பிடிபடும்.

முதலில் 1962. வார்சாவின் 'சமகாலத் தியேட்டர்'. இயக்குநர் எர்வின் ஆக்ஸர். நாடகம் ஜெர்மன் நாடகாசிரியர் பெர்டோல்ட் பிரெக்ட்டின் 'ஆர்த்துரோ ஊயி'. ஹிட்லர் ஆட்சியைப் பிடித்த கதையைச் சிகாகோ நகரத்துக் காலிபிளவர் வியாபாரிகள், அடியாட்கள் கதையாக மாற்றி, நாடு கடந்து ஃபின்லாந்தில் இருந்தபோது 1941இல் பிரெக்ட் எழுதியது. ஊயிதான் ஹிட்லர். தொடக்கத்தில் அவன் யாரும் மதிக்காத ஒரு சில்லறை ரவுடி. பேசினால் ஒருத்தரும் கேட்பதில்லை. பத்திரிகைகளில் பெயர் வருவது நின்றுவிட்டதே என்று புலம்புகிறவன்.

நாடகத்தில் ஒரு காட்சி இருக்கிறது. மார்க்கெட் போன, குடிக்குப் பழகிய பழைய ஷேக்ஸ்பியர் நடிகர் ஒருவரைக் கூட்டிவந்து, எப்படி நடப்பது, எப்படி நிற்பது, எப்படி உட்காருவது, எப்படிப் பேசுவது என்று ஊயி பாடம் கற்றுக்கொள்கிறான். நடக்கும்போது கால்விரலை முதலில் ஊன்றச் சொல்கிறார் அந்தக் கிழவர். ஊயி ஊன்றுகிறான். பார்க்கிறவர்களுக்குச் சிரிப்பு. அப்புறம் நிற்பதற்குப் பாடம்: கைகளைத் தொடைகளுக்கு நடுவே முன்பக்கமாகக் கோத்துக்கொள்ள வேண்டும். சிரிப்பு குறைகிறது, ஏனென்றால் அந்த நிலையை எங்கேயோ பார்த்திருக்கிறோம். பிறகு, செத்துப்போன சீசருக்காக மார்க் ஆன்டனி பேசும் பேச்சை மனப்பாடம் செய்யவைக்கிறார். ஊயி திக்கித் திணறி ஆரம்பிக்கிறான். முடிக்கும்போது குரலுக்குக் கூட்டத்தை இழுக்கும் பலம் வந்துவிட்டிருக்கிறது. இப்போது யாருக்கும் சிரிப்பு வராது.

இந்தக் காட்சியில் நடிகருக்கு உள்ள சோதனை என்னவென்றால், நடிக்கவே தெரியாத ஒருவன் மோசமாக நடிக்கக் கற்றுக்கொண்டு, அந்த மோசமான நடிப்பாலேயே ஒரு நகரத்தை மிரட்டுவதைக் காட்ட வேண்டும். மூன்று படிகள். வொம்னிட்ஸ்கி இதை உடம்பாலேயே ஏறிக்காட்டினார் என்பதுதான் அந்த ஊயியைப் பற்றி எழுதியவர்கள் திரும்பத் திரும்பச் சொல்வது. தோள், முதுகு, நடை, கடைசியில் குரல். அப்போது அவருக்கு வயது 34, 35. பார்வையாளர்களில் பெரும்பாலோர் 17 வருஷத்துக்கு முன்பு வரை ஜெர்மானிய ஆக்கிரமிப்பில் உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு இருந்தவர்கள். அவர்கள் முன்னால் ஹிட்லரைக் கோமாளியாக்குவது சுலபமில்லை. கோமாளியாக ஆக்கிய பிறகு மறுபடி பயமுறுத்துவது அதைவிடக் கஷ்டம். அந்தத் தயாரிப்பு வாங்கிய பெயரால் ஆக்ஸரை மறு வருஷமே லெனின்கிராடுக்கு அழைத்து, அங்குள்ள பெரிய அரங்கில் ரஷ்ய நடிகர்களை வைத்து அதே நாடகத்தைச் செய்யச் சொன்னார்கள்.

இனி பின்னால் போகலாம். வொம்னிட்ஸ்கி 1927 ஜூலை 18இல் பொட்ஹாய்ட்ஸே என்ற சிற்றூரில் பிறந்தார். அன்று போலந்தின் கிழக்குப் பகுதி, இன்று உக்ரைன். போர் வெடித்தபோது அவருக்குப் பன்னிரண்டு வயது. ஆக்கிரமிப்புக் காலத்தில், லண்டனிலிருந்த நாடு கடந்த அரசுக்குக் கட்டுப்பட்ட 'ஹோம் ஆர்மி' என்ற தலைமறைவுப் படையில் இருந்தார். இதைக் குறித்துவைத்துக்கொள்ளுங்கள், ஏனென்றால் போருக்குப் பிறகு வந்த கம்யூனிஸ்ட் அரசு அந்தப் படையில் இருந்தவர்களைத்தான் வேட்டையாடியது. போர் முடிந்ததும் கிராகோவில் 'பழைய தியேட்டர்' என்ற அரங்கோடு சேர்ந்த நடிப்புப் பயிற்சிக் கூடத்தில் சேர்ந்தார். கிராகோவிலும் கதோவிட்ஸேவிலும் நடித்துவிட்டு, 1940களின் முடிவில் வார்சாவுக்கு வந்தார். ஆக்ஸரைச் சந்தித்தது அங்கேதான். அந்த உறவு, இடைவெளிகளோடு, நாற்பது வருஷம் நீடித்தது. இடையில் நாடகமும் எழுதிப் பார்த்தார். அது பெரிதாக எடுபடவில்லை, விட்டுவிடலாம்.

1951இல் கட்சியில் சேர்ந்தார். போலந்து ஐக்கியத் தொழிலாளர் கட்சி, அதாவது ஆளுங்கட்சி. ஹோம் ஆர்மியில் இருந்த பையன் எப்படி ஸ்டாலின் காலத்தில் போய்ச் சேர்ந்தான் என்று கேட்கலாம். அந்தத் தலைமுறையில் நிறையப் பேர் சேர்ந்தார்கள். சிலர் நம்பிச் சேர்ந்தார்கள், சிலர் பயந்து, சிலர் மேலே ஏற. வெளியிலிருந்து பார்க்கிறவர்கள் இந்த மூன்றையும் பிரித்துச் சொல்வது கடினம். சேர்ந்தவருக்கே கூடப் பிரிந்து தெரிந்திருக்குமா என்பது எனக்குச் சந்தேகம்.

அடுத்து சினிமா. அலெக்சாண்டர் ஃபோர்டின் 'பார்ஸ்கா தெருவின் ஐவர்' 1954இல் வந்து கான் விழாவில் விருது வாங்கியது. அதில் ஐந்து இளைஞர்களில் ஒருவர். மறு வருஷம் ஆந்த்ரே வாய்தாவின் முதல் முழுநீளப் படமான 'தலைமுறை'யில் கதாநாயகன் ஸ்டாக். வார்சாவின் வோலா என்ற தொழிலாளர் பகுதியில் ஊர் சுற்றித் திரியும் இளைஞன், கம்யூனிஸ்ட் எதிர்ப்புப் படையில் சேர்ந்து ஆளாகிற கதை. ஹோம் ஆர்மியைப் படம் நல்ல வெளிச்சத்தில் காட்டவில்லை. ஹோம் ஆர்மியில் இருந்த ஒருவர் இந்த வேடத்தில் நடிக்கிறார்!

உண்மையைச் சொன்னால், அந்தப் படத்தில் அவரைவிட ததேயுஷ் யான்சார்தான் மனதில் நிற்கிறார். துரத்தி வருகிறவர்களிடமிருந்து சுழல் படிக்கட்டில் ஓடி, உச்சியில் வழி அடைபட்டு நிற்கும் அந்தக் காட்சியை மறக்க முடியாது. வொம்னிட்ஸ்கிக்குக் கிடைத்தது நேர்மையான, கொஞ்சம் மரத்தனமான 'முன்னுதாரண இளைஞன்' வேடம். ஆனால் நடிகர் பட்டியலைப் பாருங்கள்: சின்ன வேடத்தில் ரோமன் போலன்ஸ்கி, இன்னொரு சின்ன வேடத்தில் ஸ்பிக்னியெவ் சிபுல்ஸ்கி. போலந்து சினிமாவின் அடுத்த பதினைந்து வருஷமும் அந்த ஒரு படப்பிடிப்புத் தளத்தில் நின்றுகொண்டிருந்தது.

1956இல் ஆக்ஸர் இயக்கத்தில் தேசிய அரங்கில் 'கோர்தியான்' தலைப்பு வேடம். யூலியுஷ் ஸ்லொவாட்ஸ்கி எழுதிய இந்தக் காவிய நாடகம் போலந்து மேடைக்கு ஒரு உரைகல். ஜார் மன்னனைக் கொல்லப் போன இளைஞன், அரண்மனைக்குள் நுழைந்து படுக்கையறை வாசலில் தன் கற்பனையும் பயமுமே தன்னை மறிக்க, விழுந்துவிடுகிறான். ஸ்டாலின் செத்து, இறுக்கம் தளர்ந்துகொண்டிருந்த வருஷம் அது. ரஷ்ய ஆட்சிக்கு எதிரான நாடகத்தை மேடையேற்ற முடிந்ததே அப்போது செய்தி.

1958இல் ஆந்த்ரே முங்கின் 'எரோய்கா'. இரண்டு கதைகள் கொண்ட படம். இரண்டாவது கதை போர்க் கைதிகளாகப் பிடிபட்ட போலந்து அதிகாரிகளின் முகாமில் நடக்கிறது. ஸவிஸ்தோவ்ஸ்கி என்ற லெப்டினன்ட் முகாமிலிருந்து தப்பிவிட்டார் என்று எல்லோரும் நம்புகிறார்கள். வருஷக்கணக்காக அடைபட்டுக் கிடக்கிறவர்களுக்கு அந்த நம்பிக்கைதான் உணவு. உண்மையில் ஆள் தப்பவே இல்லை. தலைக்கு மேலே ஒரு மறைவிடத்தில், இரண்டொருவர் மட்டும் அறிய, ஒளிந்து கிடக்கிறார். கடைசியில் அங்கேயே செத்துப்போகிறார். ஆனால் கதை வெளியே வாழ வேண்டும் என்பதால் சாவையும் மறைக்கிறார்கள். படத்தில் வொம்னிட்ஸ்கி வரும் நேரம் மிகக் குறைவு. மற்றவர்கள் பெயரைச் சொல்லிச் சொல்லி உருவாக்கிய வீரனையும், அந்த மறைவிடத்தில் கிடக்கிற களைத்த மனிதனையும் நாமே ஒப்பிட்டுப் பார்க்கிறோம். போலந்துக்காரர்களின் வீரப் பைத்தியத்தை முங்க் அளவுக்கு யாரும் குத்திக்காட்டியதில்லை.

பிறகு 1960இல் வாய்தாவின் 'அப்பாவி மந்திரவாதிகள்'. இதிலிருந்துதான் நீங்கள் தொடங்க வேண்டும் என்பது என் கருத்து. பஸிலி என்ற இளம் டாக்டர். குத்துச்சண்டை கிளப்பில் வேலை, ராத்திரியில் ஜாஸ் குழுவில் டிரம்ஸ். தலைமுடியை வெளுக்கச் சாயம் போட்டிருக்கிறான். காலையில் மின்சார ரேசரால் முகம் மழித்துக்கொண்டே டேப் ரெக்கார்டரை ஓடவிட்டுக் கேட்கிறான். தன் வாழ்க்கையையே பதிவு செய்து வைத்துத் தூர நின்று ஒட்டுக்கேட்கிறவன். ஓர் இரவு ஒரு பெண் அவன் அறைக்கு வருகிறாள். தீப்பெட்டியைச் சுண்டிவிட்டு, தோற்றவர் ஒவ்வொரு துணியாகக் கழற்ற வேண்டும் என்று ஆடுகிறார்கள். இரண்டு பேருமே காதல் பேச வெட்கப்பட்டு, வெட்கப்படுவதையும் காட்டிக்கொள்ள வெட்கப்பட்டு, விடியும்வரை நாடகமாடுகிறார்கள். வொம்னிட்ஸ்கியின் முகத்தைக் கவனியுங்கள். அலட்சியமாக இருப்பது போல நடிக்கிற பஸிலியை அவர் நடிக்கிறார். அலட்சியம் வழுக்குகிற இடங்கள் அரை நொடிதான் நீடிக்கும், ஆனால் ஒவ்வொன்றும் தெளிவாகத் தெரியும். ஊயி மேடையேறுவதற்கு இரண்டு வருஷம் முன்பே அதே வித்தை இங்கே சின்ன அளவில் நடக்கிறது. இதிலும் போலன்ஸ்கியும் சிபுல்ஸ்கியும் உண்டு, இசை கோமேடா, திரைக்கதையில் ஸ்கோலிமோவ்ஸ்கி.

படங்களில் அவர் ஏன் சிபுல்ஸ்கி போல ஒரு தலைமுறையின் அடையாளம் ஆகவில்லை என்ற கேள்விக்கும் இங்கேயே பதில் இருக்கிறது. சிபுல்ஸ்கி எந்தப் படத்தில் வந்தாலும் சிபுல்ஸ்கிதான். கறுப்புக் கண்ணாடி, அந்தப் பதற்றம், எல்லாம் கூடவே வரும். ரசிகர்களுக்கு அது பிடித்தது. வொம்னிட்ஸ்கிக்கு அப்படி ஒரு நிரந்தர 'தான்' கிடையாது. மேடையில் அவரோடு எப்போதும் ஒப்பிடப்படுகிறவர் குஸ்தாவ் ஹோலோபெக். ஹோலோபெக் உடம்பை அதிகம் அசைக்காமல், தன் குரலிலேயே, யோசிக்கிற மனிதனாக நின்றபடி எல்லா வேடத்தையும் தன்னிடம் வரவைப்பார். வொம்னிட்ஸ்கி எழுந்து வேடத்தைத் தேடிப் போவார். மூக்கு, நடை, மூச்சு எல்லாம் மாறும். எது உயர்ந்தது என்ற வாக்குவாதம் போலந்தில் இன்றும் ஓயவில்லை. ஆனால் கேமரா அருகில் வரும்போது ஹோலோபெக் முறைதான் சௌகரியம். இவ்வளவு மாற்றம் செய்கிற நடிகரை என்ன செய்வது என்று சினிமாவுக்குத் தெரியவில்லை.

முன்பு சொன்ன அந்த விதிவிலக்கு வொவொதியோவ்ஸ்கி. ஹென்ரிக் ஷென்கியேவிச்சின் சரித்திர நாவல் வரிசை போலந்தில் ஒவ்வொரு வீட்டுக்கும் தெரிந்தது. நம்மூரில் கல்கியின் வந்தியத்தேவனை நடிக்கப்போகிறவர் யார் என்று தலைமுறை தலைமுறையாக வாதாடினோமே, அதே கதைதான் அங்கேயும். மிகயேல் வொவொதியோவ்ஸ்கி, 'குள்ள வீரன்', நாட்டின் முதல் வாள். பதினேழாம் நூற்றாண்டுக் குதிரைப்படைத் தளபதி. யெர்ஷி ஹோஃப்மன் 1969இல் 'பான் வொவொதியோவ்ஸ்கி' எடுத்தபோது வொம்னிட்ஸ்கிக்கு நாற்பது தாண்டியிருந்தது. அறிவுஜீவி நாடகக்காரர், பிரெக்ட் நடித்தவர், வாள் சுழற்றப் போகிறாரா என்று பலருக்கு வியப்பு. படம் வந்த பிறகு வேறு எவரையும் அந்த இடத்தில் யாராலும் நினைத்துப்பார்க்க முடியவில்லை. அதே வருஷம் தொலைக்காட்சித் தொடராகவும் வந்ததால் குழந்தைகள் வரை போய்ச் சேர்ந்தது.

1672இல் துருக்கியரிடம் கமியெனியெட்ஸ் கோட்டை விழுந்தபோது வெடிமருந்தோடு தானும் வெடித்து மடிவதுதான் கதையின் முடிவு. சவ அடக்கத்தில் பாதிரியார், போர் முரசு கொட்டுகிறது, எதிரி எல்லைக்குள் வந்துவிட்டான், நீ ஏன் இன்னும் எழுந்து வாளை எடுக்கவில்லை என்று செத்துக் கிடக்கும் தளபதியைக் கூப்பிட்டுக் கேட்பார். போலந்தில் பள்ளிப் பிள்ளைகளுக்கும் தெரிந்த வசனம் அது.

ஆனால் நான் திரும்பத் திரும்பப் போட்டுப் பார்ப்பது, அதே நாவல் வரிசையில் இதற்கு முந்தைய கதையான, 1974இல் வந்த 'பிரளயம்' படத்தின் வாள்சண்டை. ஹோஃப்மன்தான் இயக்கம், ஐந்து மணி நேரத்துக்கும் மேல் ஓடும், வெளிநாட்டுப் படங்களுக்கான ஆஸ்கர் பரிந்துரைப் பட்டியலுக்கும் போனது. டேனியல் ஓல்பிரிக்ஸ்கி நடிக்கும் க்மிசிட்ஸ் இளைஞன், உயரமானவன், முரடன். கொட்டும் மழை, சேறு. க்மிசிட்ஸ் முழு உடம்பையும் வீசி வெட்டுகிறான். வொவொதியோவ்ஸ்கி இரண்டடிக்கு மேல் நகர்வதில்லை. மணிக்கட்டு மட்டும் சுழல்கிறது. வாத்தியார் ஒரு மாணவனின் கணக்கைச் சரிபார்ப்பது போல எதிராளியைப் பார்க்கிறார்: இவன் எந்த அளவுக்குத் தேறுவான்? நேரம் ஆக ஆக க்மிசிட்ஸுக்குப் புரிகிறது, இந்த ஆள் நினைத்த கணத்தில் நம்மை முடித்துவிடலாம். கடைசியில் அவனே மூச்சிரைக்கச் சொல்கிறான்: "முடித்துவிடும் ஐயா, மானத்தைக் காப்பாற்றும்." அந்த வசனம் ஓல்பிரிக்ஸ்கியுடையது. ஆனால் அதைச் சொல்லவைக்கிறது வொம்னிட்ஸ்கியின் அசையாத முகம். பாருங்கள், மறுபடியும் அதிகாரம்தான். இந்த முறை கத்தாத, பதறாத அதிகாரம்.

நிஜ அதிகாரமும் இந்த நேரத்தில்தான் வந்தது. 1970இல் வார்சாவின் அரசு நாடகக் கல்லூரிக்குத் தலைவரானார். 1981 வரை அந்தப் பதவி. அந்தப் பத்தாண்டில் கட்சியின் மத்தியக் குழு வரை போனார். வோலா பகுதியில், பழைய சினிமாக் கொட்டகையை மாற்றி ஒரு புது அரங்கு அவர் தலைமையில் 1976இல் திறக்கப்பட்டது: வோலாத் தியேட்டர். 'தலைமுறை' படத்தில் அவர் சுற்றித்திரிந்த அதே தொழிலாளர் பேட்டை. கட்சியில் அவருக்கு இருந்த செல்வாக்கு இல்லாமல் அந்த அரங்கு கிடைத்திருக்காது என்று பேசுகிறவர்கள் அன்றும் இருந்தார்கள்.

ஆனால் கிடைத்த அரங்கில் என்ன செய்தார் என்பதையும் பார்க்க வேண்டும். முதல் வருஷமே வாய்தாவை அழைத்து, ஸ்பானிய எழுத்தாளர் புவேரோ வாயேஹோ ஓவியர் கோயாவைப் பற்றி எழுதிய நாடகத்தைப் போட்டார். கோயாவாக அவரே. காது கேளாத கோயா மேடையில் இருக்கும்போது மற்ற பாத்திரங்கள் வாயசைப்பார்கள், சைகை செய்வார்கள். பார்வையாளர்களுக்கும் ஒரு சத்தமும் கேட்காது. நாடகமே அப்படித்தான் எழுதப்பட்டிருக்கிறது. கொடுங்கோல் மன்னனின் ஒற்றர்கள் வெளியே திரிய, வீட்டுக்குள் அடைந்துகிடக்கும் கிழவன். மேடையில் கேட்கிற ஒரே குரல் அவனுடையது. 1976இல் வார்சாவில், மத்தியக் குழுவோடு தொடர்புள்ள ஒருவர் நடத்தும் அரங்கில் இது நடந்தது. அந்த மனிதரை ஒரே வார்த்தையில் அடைத்துவிட முடியாது என்று நான் சொல்வதற்கு இதுதான் காரணம்.

அடுத்த வருஷம், 1977, வாய்தாவின் 'சலவைக்கல் மனிதன்'. இதில் அவர் புர்ஸ்கி: பெயர் பெற்ற திரைப்பட இயக்குநர், வெளிநாட்டு விழாவிலிருந்து விமானத்தில் வந்து இறங்குகிறார். இருபது வருஷத்துக்கு முன் பிர்குட் என்ற கொத்தனாரை ஒரே ஷிஃப்டில் முப்பதாயிரம் செங்கல் அடுக்கவைத்து, அதைப் பிரச்சாரப் படமாக எடுத்துத்தான் அவர் முன்னுக்கு வந்திருக்கிறார். கிறிஸ்தினா யாண்டா நடிக்கும் மாணவி ஆக்னியெஷ்கா அதைத் தோண்டிக் கேட்கிறாள். புர்ஸ்கிக்கு வெட்கம் இருக்கிறதா? கொஞ்சம் இருக்கிறது, ஆனால் அந்தப் படப்பிடிப்பை எப்படித் திட்டமிட்டேன் என்று சொல்ல ஆரம்பித்ததும் கண் பளபளக்கிறது. வேலைத்திறமையின் பெருமை வெட்கத்தை அமுக்கிவிடுகிறது. ஸ்டாலின் காலத்தில் தொடங்கி, நல்ல பதவியில் வந்து நிற்கும் கலைஞன்! வாய்தா தன்னையே கிண்டல் செய்துகொள்கிறார் என்பது வெளிப்படை. நடித்தவருக்கும் அந்த வேடம் சட்டை போலப் பொருந்தியது என்பதும் வார்சாவில் யாருக்கும் மறைவாக இருந்திருக்காது. அவர் அதை மழுப்பாமல் நடித்தார்.

1980இல் ஸனூஸியின் 'ஒப்பந்தம்' படத்தில் மகனின் கல்யாணம் தேவாலயத்திலேயே முறிந்த பிறகும் விருந்தை நிறுத்தாத பணக்கார டாக்டர். நல்ல படம், ஆனால் இதற்கு அடுத்த வருஷம்தான் முக்கியம்.

1981 போலந்தில் சாலிடாரிட்டி தொழிற்சங்கத்தின் வருஷம். ரோமன் போலன்ஸ்கி பல வருஷங்களுக்குப் பிறகு நாட்டுக்குத் திரும்பி, வோலாத் தியேட்டரில் பீட்டர் ஷாஃபரின் 'அமெடியஸ்' நாடகத்தை இயக்கினார். மொஸார்ட் போலன்ஸ்கியே. ஸாலியேரி வொம்னிட்ஸ்கி. 'தலைமுறை' எடுத்த நாளில் கதாநாயகன் இவர், ஓரத்தில் நின்றவர் போலன்ஸ்கி. இப்போது உலகப் புகழோடு வந்திருக்கிற போலன்ஸ்கிக்கு எதிரே, அரண்மனைப் பதவியும் மரியாதையும் எல்லாம் இருந்தும் உண்மையான மேதை தான் இல்லை என்று உள்ளுக்குள் வெந்துகொண்டிருக்கும் அரசவைக் கலைஞனாக இவர். பார்த்தவர்களுக்கு நாடகம் இரண்டு தளத்தில் ஓடியிருக்கும்.

அந்த வருஷத்தோடு கல்லூரித் தலைமையும் அரங்கின் தலைமையும் முடிந்தன. டிசம்பர் 13ஆம் தேதி இராணுவச் சட்டம் அறிவிக்கப்பட்டு, டாங்கிகள் தெருவுக்கு வந்தன. வொம்னிட்ஸ்கி முப்பது வருஷமாக வைத்திருந்த கட்சி அட்டையைத் திருப்பிக் கொடுத்தார். அப்போது போலந்து நடிகர்கள் அரசுத் தொலைக்காட்சியையும் வானொலியையும் புறக்கணித்துக்கொண்டிருந்தார்கள். அரசியல் ரீதியாக யார் எங்கே நிற்கிறார் என்பது மேடையேறும்போதே பார்வையாளர்களின் கைதட்டலில் தெரிந்துவிடும். அட்டையைத் திருப்பியதால் எல்லோரும் அவரைக் கட்டிப்பிடித்துக்கொண்டார்கள் என்று நினைக்க வேண்டாம். முப்பது வருஷம் வைத்திருந்ததை மறக்காதவர்களும் இருந்தார்கள்.

இந்த நேரத்தில் இன்னொரு படம் பெட்டிக்குள் கிடந்தது. கீஸ்லோவ்ஸ்கியின் 'தற்செயல்', 1981இல் முடிந்து, தடைபட்டு, 1987இல்தான் வெளியே வந்தது. விட்டெக் என்ற இளைஞன் ஓடும் ரயிலைப் பிடிக்கிறானா இல்லையா என்பதைப் பொறுத்து அவனுக்கு மூன்று வாழ்க்கை. முதல் வாழ்க்கையில் அவன் ரயிலில் சந்திக்கும் வெர்னர் என்ற பழைய கம்யூனிஸ்ட்தான் வொம்னிட்ஸ்கி. ஸ்டாலின் காலத்தில் தன் கட்சியாலேயே சிறை கண்டவர். ஆனாலும் கனவை விடவில்லை. அதைப் பற்றி அவர் பேசும்போது விட்டெக்குக்கு மட்டுமில்லை, நமக்கும் ஒரு கணம் அவரோடு போய்விடலாம் போலிருக்கிறது. இளைஞர்களைக் கட்சிக்குள் இழுத்தது என்ன என்று புரியவைக்க, முன்பு நான் சொன்ன எந்த விளக்கத்தையும்விட இந்தச் சில நிமிஷங்கள் போதும். வெறும் வில்லனாக நடிக்க எளிது. இவர் வெர்னரின் களைப்பையும், தன்னம்பிக்கையையும், பேச்சில் ஒளிந்திருக்கும் வலைவிரிப்பையும் ஒரே குரலில் வைத்தார்.

1980களில் அவர் எந்த அரங்குக்கும் தலைவர் இல்லை. இதயம் ஏற்கனவே தொந்தரவு கொடுத்துக்கொண்டிருந்தது. ஆனால் பல பேருடைய கணக்கில் மேடையில் அவருடைய உச்சம் இந்தக் கடைசிப் பத்து வருஷம்தான். எல்லாமே தனிமனிதர்கள், கிழவர்கள். 1985இல் அன்டோனி லிபெரா இயக்கத்தில் பெக்கெட்டின் 'க்ராப்பின் கடைசி நாடா': 69ஆவது பிறந்தநாளில் ஒரு கிழவன் முப்பது வருஷத்துக்கு முன் தான் பதிவுசெய்த குரலைக் கேட்டு, அந்த முட்டாளா நான் என்று எரிச்சல்படுகிறான். இருபத்தைந்து வருஷம் முன்பு ரேசரோடு டேப் ரெக்கார்டரைக் கேட்டுக்கொண்டிருந்த பஸிலியை நினைத்துக்கொண்டால் இந்த வேடத்தின் கனம் கூடும்.

1988இல் ஜெர்மன் நாடகாசிரியர் தாங்க்ரெட் டோர்ஸ்ட்டின் 'நான், ஃபாயர்பாக்'. ஏழு வருஷம் மேடையைவிட்டு விலகியிருந்த ஒரு பெரிய நடிகன், மறுபடி ஒரு வாய்ப்புக் கேட்டுத் தேர்வுக்கு வருகிறான். பெரிய இயக்குநர் வரவில்லை. அவருடைய இளம் உதவியாளர்தான் உட்கார்ந்திருக்கிறார். அவருக்கு இந்தக் கிழவர் யார் என்றே தெரியாது. ஃபாயர்பாக் கெஞ்சுகிறான், அதட்டுகிறான், அற்புதமாக நடித்துக்காட்டுகிறான், அழித்துக்கொள்கிறான். 1981க்கும் 1988க்கும் இடையிலும் ஏழு வருஷம்தான். அதைச் சொல்லிக் காட்ட யாரும் தேவைப்படவில்லை. 1990இல் மறுபடி ஆக்ஸரோடு, சமகாலத் தியேட்டரில், தாமஸ் பெர்ன்ஹார்டின் நாடகத்தில் புருஸ்கோன்: ஊர் ஊராகப் போய்த் தன் குடும்பத்தையே நடிக்கவைத்து வதைக்கும், தன்னை ஷேக்ஸ்பியருக்குச் சமமாக நினைக்கும் நாடகக்காரன். கிட்டத்தட்ட முழு நாடகமும் அந்த ஒருவனே பேசுகிறான். குடும்பத்துக்கு மட்டும் சர்வாதிகாரி. ஊயியின் வயசான, தோற்றுப்போன அண்ணன் என்று சொல்லலாம்.

கடைசி வேடம் லியர். போஸ்னான் நகரத்தின் 'புதிய தியேட்டர்' என்ற அரங்கில் யூகேனியுஷ் கோரின் இயக்கிய தயாரிப்பு. 1992 பிப்ரவரி 22, முதல் காட்சிக்குச் சில நாள்களே இருந்தன. ஒத்திகையில் நான்காம் அங்கம்: பைத்தியமாகித் திரியும் அரசனைப் பிடிக்க மகளின் ஆட்கள் வருகிறார்கள், அவன் அவர்களிடமிருந்து நழுவி ஓடுகிறான். அப்படியானால் இன்னும் உயிர் இருக்கிறது, வாருங்கள், ஓடிப் பிடியுங்கள் என்ற பொருளில் லியர் சொல்கிற வசனத்தைச் சொல்லிவிட்டு ஓடியவர் விழுந்தார். இதயம் நின்றுவிட்டது. வயது 64. நாடகக்காரர்களின் சாவைப் பற்றி இப்படிப் பல கட்டுக்கதைகள் உலவும். இது நிஜமாகவே நடந்தது. அவர் மனைவியும் நாடக விமர்சகருமான மரியா போயார்ஸ்கா, அந்த லியரைத் தலைப்பிலேயே வைத்து அவரைப் பற்றி ஒரு புத்தகம் எழுதினார். வோலாத் தியேட்டருக்கு இன்று வொம்னிட்ஸ்கியின் பெயர் வைத்திருக்கிறார்கள். இப்போது அது நகரத்தின் டிராமாத்திக் தியேட்டரின் ஒரு கிளை மேடை.

சரி, எங்கிருந்து தொடங்குவது? 'அப்பாவி மந்திரவாதிகள்' முதலில். ஒன்றரை மணி நேரம்தான். அடுத்து 'சலவைக்கல் மனிதன்', 'தற்செயல்' இரண்டையும் அடுத்தடுத்து. புர்ஸ்கியையும் வெர்னரையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால்தான் வித்தியாசம் தெரியும். ஒருவர் நம்பிக்கையை விற்றவர், இன்னொருவர் அதை விடமுடியாதவர்.

அதற்குப் பிறகு கீஸ்லோவ்ஸ்கியின் 'டெக்கலாக்' வரிசையில் எட்டாவது பகுதி. கடைசியில் ஒரு தையல்காரர் வருவார். போர்க்காலத்தில் யூதக் குழந்தை ஒன்றைக் காப்பாற்றுவதாக இருந்த ஏற்பாட்டில் சம்பந்தப்பட்டவர். காட்டிக்கொடுத்தவர் என்று அவர்மேல் பொய்ச் சந்தேகம் விழுந்து வாழ்க்கை கெட்டுப்போனது. அன்றைய குழந்தை இப்போது நடுவயதுப் பெண்ணாக அவர் முன்னால் நின்று அதைப் பற்றிக் கேட்கிறாள். அவர் போரைப் பற்றிப் பேச மாட்டேன் என்கிறார். துணி தைக்க வேண்டுமானால் சொல்லுங்கள், தைத்துத் தருகிறேன். அவ்வளவுதான் வேடம். மொத்தம் சில நிமிஷம். வொம்னிட்ஸ்கி அதில் கைகளை என்ன செய்கிறார் என்று மட்டும் பாருங்கள். மேடையில் மூன்று மணி நேரம் இவர் நடித்ததைப் பார்க்கக் கொடுத்துவைக்காத நமக்கு, அளவு தெரிந்துகொள்ள அது ஒரு மாதிரித் துண்டு.

'பிரளய'த்தைக் கடைசிக்கு வையுங்கள். ஐந்து மணி நேரம் பொறுமை இல்லை என்றால், ஹோஃப்மன் 2014இல் சுமார் மூன்று மணி நேரமாக வெட்டிச் சுருக்கி, சுத்தப்படுத்தி வெளியிட்ட பிரதி இருக்கிறது. வாள்சண்டை அதிலும் உண்டு. போலந்துத் தொலைக்காட்சிக்குத் திங்கள்கிழமை நாடகம் ஒளிபரப்பும் நீண்ட வழக்கம் உண்டு. அதிலும் வொம்னிட்ஸ்கி பல வேடங்கள் செய்திருக்கிறார். வசனவரி இல்லாமல் கிடைத்தால்கூட ஒரு பத்து நிமிஷம் ஓடவிட்டுப் பாருங்கள். மொழி தெரியாதவர்களுக்கு ஹோலோபெக்கைப் பின்தொடர்வது சிரமம், இவரைப் பின்தொடர்ந்துவிடலாம்.